சுறா தொட்ட மயில்மீன்

கடையின் முன்கண்ணாடியில் முதல்நாள் எழுத்து அப்படியே இருந்தது. அன்று காலை நான் முதலில் கவனித்தது அதைத்தான். கடை திறக்க முன்னரே பிலோமினா அக்கா வந்து கண்ணாடியை ஈரத்துணியால் துடைத்துவிட்டு, அன்றைய மீன்களை வெள்ளைப் பேனையால் எழுதுவது வழக்கம். அறக்குளா, பாரை, விளைமீன், திருக்கை. புதன்கிழமை ஆகியும் கண்ணாடியில் செவ்வாய்க்கிழமை மீன்கள்தான் இருந்தன. உள்ளே முதலாளி குகன் அண்ணை கோட்டைக்கூடக் கழற்றாமல், ரெலிபோனை நெஞ்சோடு அணைத்துப் பிடித்தபடி நின்றார்.

"பிள்ளை, அக்கா போட்டா" என்றார்.

எங்கே என்று கேட்கத்தான் எனக்கு வாய் வந்தது. அவருடைய முகத்தைப் பார்த்த பிறகு கேட்கவில்லை.

இரவு நித்திரையிலேயே மாரடைப்பு. சேர்ந்து இருந்த தங்கச்சிதான் காலையில் எழுப்பப் போயிருக்கிறார். நாற்பத்தாறு வயது. முந்தின நாள் பின்னேரம் வேலை முடிந்து பஸ் தரிப்பில் நிற்கும்போது, "நாளைக்குக் கையுறை கொண்டு வா, ஐஸ் உன்ர விரலைத் திண்டு போடும்" என்று என்னைப் பேசிவிட்டுப் போனவர்.

இந்த நினைவு மலரை வாசிக்கப்போகும் உங்களில் அநேகருக்கு அக்காவை மீன் வெட்டும் மேசைக்குப் பின்னால் நிற்பவராகத்தான் தெரியும். உயரமான பலகையில் ஏறி நின்று, வரிசையில் நிற்பவர்களை ஊர்ப்பெயரால் கூப்பிடுவார். "கரவெட்டி, தலையும் வேணுமோ?" "சுண்டிக்குளி, ஏன் பேசாமல் நிக்கிறீர், மனிசி விலை சொல்லி விடேல்லையோ?" அவருடைய வாயால் காயப்படாதவர்கள் ரொறன்ரோ ஸ்காபரோவில் குறைவு. அந்தக் கோபத்தை வைத்துக்கொண்டே இன்னும் சிலர் இருக்கிறீர்கள். கோபத்துக்கு வேறு ஒரு காரணமும் உண்டு. அதைச் சொல்லத்தான் இதை எழுதுகிறேன்.

நான் பத்தாம் வகுப்போடு பள்ளிக்கூடத்தை விட்டவள். வகுப்பில் எழுந்து நின்று பேசவேண்டி வந்தால் முகமும் காதும் சிவந்துவிடும். அப்படியே ஒரு நாள் போகாமல் விட்டேன், பிறகு போகவே இல்லை. அம்மாவுக்குத் தெரிந்தவர் மூலம் குகன் அண்ணையின் கடையில் வேலை கிடைத்தது. அக்கா வெட்டுவார், நான் கழுவிப் பையில் போடுவேன். வந்த முதல் நாளே யாரோ பெடியன் என்னிடம் நண்டு என்ன விலை என்று கேட்க, என் முகம் சிவந்துபோனது. "ஐயோ தம்பி, பிள்ளையை விடும். நண்டே அவிச்சால்தான் சிவக்கும், இவள் பச்சையாயே சிவக்கிறாள்" என்றார் அக்கா. கடை முழுக்கச் சிரித்தது. அன்றிலிருந்து என் சிவப்பு அந்தக் கடையில் எல்லோருக்கும் சொந்தமான பகிடி.

அக்கா வடமராட்சிக் கரையைச் சேர்ந்தவர். அந்தக் கரையில் பெண்கள் கடலுக்குப் போவதில்லை. ஆனால் அவர் அப்பு என்று கூப்பிட்ட தகப்பனுக்கு ஆண்பிள்ளை இல்லை. உதவிக்கு ஆள் வராத நாட்களில் அப்புவின் சட்டையைப் போட்டுக்கொண்டு, தலையைத் துவாயால் கட்டி, அக்கா வள்ளத்தில் ஏறியிருக்கிறார். கடையில் முதல்முதல் ஒரு மயில்மீன் வந்து இறங்கிய நாளில்தான் அந்தக் கதையை எனக்குச் சொன்னார். அதன் முதுகுச் செட்டையை இரண்டு கையாலும் விரித்துக் காட்டினார். மயில் தோகை போல, நீலத்தில் கறுப்புப் பொட்டு வைத்து, மேசையின் ஒரு தலைப்பிலிருந்து மறுதலைப்பு வரை விரிந்தது.

"உந்தச் செட்டையை எப்பவும் விரிச்சுக்கொண்டு திரியாது" என்றார். "ஓடேக்க மடிச்சு முதுகுக்குள்ள வைச்சிடும். பிறகு அது மீனில்லை, எறிஞ்ச ஈட்டி. சாளைக் கூட்டத்தைக் கண்டால்தான் விரிக்கும். நாலைஞ்சு சேர்ந்து சுத்திச் சுத்தி வந்து சாளையைப் பந்து மாதிரி உருட்டும். பிறகு ஒண்டு உள்ள போய்ச் சொண்டாலை இடமும் வலமும் ஒரு விசுக்கு. தண்ணியெல்லாம் செதிளாய் மினுங்கும்."

அப்படி ஒரு கூட்டத்தின் ஓரத்தில் அப்புவின் தூண்டிலை ஒரு மயில்மீன் எடுத்திருக்கிறது. தங்கூசி நூல் அப்புவின் உள்ளங்கையை அறுத்துக்கொண்டு ஓடியது. மீன் மூன்று முறை தண்ணீரை விட்டு எழும்பி விழுந்தது. நான்காம் முறை எழும்பியபோது அதற்குப் பின்னால் கறுப்பாக ஒரு செட்டை தண்ணீரைக் கிழித்துக்கொண்டு வந்ததை அக்கா கண்டார். "இழு அப்பு, இழு, சுறா!" என்று கத்தினார். அப்பு இழுக்கவில்லை. கையை விட்டார். நுனி மட்டும் வள்ளத்தில் இருக்க, சுருளில் இருந்த தங்கூசி முழுவதையும் கடலுக்குள் ஓடவிட்டார். கட்டு இல்லாத மீன் ஒரே பாய்ச்சலில் தூரப் போய்விட்டது. சுறா கொஞ்சத்தூரம் துரத்தி, முடியாமல் திரும்பியது. அதன் பிறகுதான் அப்பு மெல்ல மெல்ல மீனை இழுத்தார்.

"ஓடுற மீனைச் சுறாவாலை பிடிக்கேலாது பிள்ளை. கட்டி வைச்ச மீனைத்தான் பிடிக்கும்" என்று அக்கா சொன்னார்.

இன்னொரு நாள் சுருள் வள்ளத்தின் கட்டையில் சிக்கிக்கொண்டது. விட வழியில்லை. தங்கூசி விறைத்து நிற்க, மீன் ஒரே இடத்தில் நின்று தலையை ஆட்டியது. சுறா கீழேயிருந்து வந்து வாற்பக்கத்தைக் கொண்டுபோனது. வெயில் ஏறும்வரை சிக்கு எடுத்து, மிஞ்சிய பெரிய துண்டை வள்ளத்துக்குள் தூக்கிய அப்பு, அதைப் பார்த்துவிட்டுத் திரும்பவும் கடலில் போட்டார். அக்காவுக்கு ஆத்திரம். அவ்வளவு பெரிய மீன். "சுறா தொட்டது கரைக்கு வராது" என்று மட்டும் அப்பு சொன்னாராம். ஏன் என்று சொல்லவில்லை. அவர்களுடைய கரையில் எவரும் சுறா கடித்த மயில்மீனை விற்பதில்லை, வீட்டுக்கும் கொண்டு போவதில்லை. பிறகு சண்டையோடு கடலுக்குப் போகவே விடாத காலம் வந்தது. அந்த வழக்கத்துக்கும் வேலை இல்லாமல் போனது.

அந்தக் கதையைக் கேட்டதற்கு அடுத்த ஆடி மாதம். மூச்சு முட்டும் வெக்கை. பிறம்ரன் மீன் களஞ்சியத்திலிருந்து சனிக்கிழமை காலை வழக்கத்தைவிடப் பிந்தி வந்த பெட்டியில் ஒரு மயில்மீன் இருந்தது. வால் இல்லை. வால் இருந்த இடத்தில் பிறை வடிவில் ஒரு வெட்டு, ஓரமெல்லாம் பல் பல்லாக.

"ஆரோ ருசி பாத்திட்டுத்தான் அனுப்பியிருக்கிறாங்கள்" என்றார் குகன் அண்ணை.

அக்கா அந்தக் கடியை விரலால் தடவிப் பார்த்தார். பிறகு, "அங்க ஐஸ் இல்லை, அப்பு எறிஞ்சார். இங்க எல்லாம் ஐஸ்தானே" என்று தனக்குத்தானே சொல்லிக்கொண்டு, கடி தெரியாமல் அந்தப் பகுதியை வெட்டி ஒதுக்கினார். மீனில் ஒரு கெட்ட மணமும் இல்லை. சதை இளஞ்சிவப்பாக, இறுக்கமாக இருந்தது.

மத்தியானத்துக்கு முன் ஒரு இளம் ஆள் வந்தார். கையில் பிள்ளையின் கார் சீற்றைத் தூக்கிக்கொண்டு வந்திருந்தார், உள்ளே பிள்ளை இல்லை. அந்தச் சீற்றை வாங்கிக்கொண்டு வீட்டுக்குப் போகிற வழி என்று நினைக்கிறேன்.

"அக்கா, சுறா இருக்கோ? மனிசி பிள்ளை பெத்து மூண்டு கிழமை. மாமி சரக்கு அரைச்சு வைச்சிட்டு நிக்கிறா."

பிள்ளை பெற்றவளுக்குப் பால் சுரக்க மருந்துச் சரக்கு அரைத்துச் சுறா கொடுப்பது எங்கள் வீடுகளில் எல்லாம் உள்ளதுதான். அன்று சுறா இல்லை.

"சுறா இல்லைத் தம்பி" என்றார் அக்கா. "சுறா ஆசைப்பட்டுக் கடிச்சது இருக்கு. காணாதோ?"

வரிசை சிரித்தது. அந்த ஆளும் சிரித்தார். "மனிசிக்குத் தொய்வு இருக்கக்கா, இடைக்கிடை மூச்சு இழுக்கும். கூடாததெண்டால் வேண்டாம்."

"மீன் தொய்வுக்கு என்ன செய்யும்? கொண்டுபோம். பிள்ளைக்கு என்ன பேர்?"

"அபிராமி. மாமி ஊரிலயிருந்து போன மாதம் வந்தவ, அவதான் வைச்சவ. ஐஸ் கூடப் போடுங்கோ அக்கா, விட்பி வரைக்கும் கார் ஓடவேணும்."

நான் ஐஸ் கூடப் போட்டுக் கொடுத்தேன்.

மத்தியானம் கடையின் பின்புறத்தில், அதே மீனில் அக்கா எங்களுக்கும் கறி வைத்தார். முதல் வாயிலேயே நாக்கு நுனியில் மிளகு கடித்ததுபோல் ஒரு சுணை. சொதிபோல வெள்ளையாக வைத்த கறி. காரம் எங்கிருந்து வந்தது என்று நினைத்தேனே தவிர, வெளியில் சொல்லவில்லை. கொஞ்சநேரத்தில் முன்னுக்கு வந்து மீன் கழுவும்போது காது சுட்டது. முகம் சுட்டது. வரிசையில் ஒரு பெடியன் நின்றான்.

"பாருங்கோ, பாருங்கோ, சிவக்கிறாள்" என்றார் குகன் அண்ணை. "தம்பி, நீர் எந்த ஊர்? மாப்பிள்ளை பாக்கிறதெண்டால் முறையாய் வரவேணும்."

எல்லோரும் சிரித்தார்கள். எனக்குத் தலை விண்விண்ணென்று இடித்தது. அதையும் வெட்கம் என்றே நானும் நினைத்தேன். பிறகு குகன் அண்ணையின் சிரிப்பு பாதியில் நின்றது. அவர் கல்லாவைப் பிடித்துக்கொண்டார். அவருடைய கழுத்திலும் முகத்திலும் திட்டுத் திட்டாகச் சிவந்திருந்தது.

"நெஞ்சு படபடக்குது அக்கா" என்றார்.

அக்கா கத்தியை வைத்தார். அவரைப் பார்க்கவில்லை, என்னைத்தான் பார்த்தார். மேசையைச் சுற்றி வந்து என் கன்னத்தில் புறங்கையை வைத்தார்.

"பிள்ளை, சாப்பிடேக்க நாக்குக் கடிச்சதோ?"

"ஓம்."

"மிளகு மாதிரி?"

"ஓம் அக்கா. முதல் வாயிலேயே."

"நான் மிளகு போடேல்லை" என்றார்.

அவருடைய முகத்தில் அப்படி ஒரு பயத்தை நான் அதற்கு முன் கண்டதில்லை. காலையில் வெட்டி ஒதுக்கிய அந்தக் கடிபட்ட துண்டைக் குப்பைவாளியிலிருந்து எடுத்து மேசையில் வைத்தார். "சுறா தொட்டது" என்றார். வரிசையில் நின்றவர்களைப் பார்த்து, "ஒருத்தரும் இண்டைக்கு ஒண்டும் வாங்காதேங்கோ, போங்கோ" என்றார். பகிடி என்று நினைத்துச் சிலர் நின்றார்கள். மேசையில் இருந்த மயில்மீன் துண்டு எல்லாவற்றையும் வாளிக்குள் தள்ளிய பிறகுதான் அவர்கள் போனார்கள்.

அன்று அந்த மீனை வாங்கியவர்களில் அநேகர் பக்கத்துக் கட்டடங்களில் இருந்தவர்கள். அவர்களுடைய வீடு தெரியும், ரெலிபோன் தெரியும். அக்கா ஒவ்வொருவராகக் கூப்பிட்டார். ஒரு வீட்டில் சட்டியோடு கொட்டினார்கள், ஒரு வீட்டில் சாப்பிட்டு முடித்துத் தலையிடியோடு படுத்திருந்தார்கள், அவர்களை ஆஸ்பத்திரிக்குப் போகச் சொன்னார். மிஞ்சியது ஒருவர்தான். விட்பிக்காரர். பெயர் தெரியாது. அன்றைக்கு முன் அவர் கடைக்கு வந்ததே இல்லை.

நான் அவசர உதவிக்கு அடித்தேன். யார், எந்த விலாசம் என்று கேட்டார்கள். இரண்டும் என்னிடம் இல்லை. விட்பியில் ஒரு தமிழ் வீடு என்றால் அவர்கள் எங்கே போய்த் தேடுவார்கள்?

"அவவுக்குத் தொய்வு" என்று அக்கா திரும்பத் திரும்பச் சொன்னார். "தொய்வெண்டு அந்தப் பெடியன் என்னட்டைச் சொன்னது. நான் கொண்டுபோம் எண்டனான்."

பிறகு சுவரில் ஓடிக்கொண்டிருந்த தமிழ் றேடியோவைப் பார்த்தார். சனிக்கிழமை பிறந்தநாள் வாழ்த்து நிகழ்ச்சி. எல்லா வீட்டுக் குசினியிலும் அந்த நேரம் அதுதான் ஓடும். அக்கா ரெலிபோனை எடுத்து இலக்கத்தை அமத்தத் தொடங்க, குகன் அண்ணை வந்து விரலால் தொடர்பை அமத்திப் பிடித்தார். அவருக்கு நிற்கவே முடியவில்லை.

"அக்கா, யோசியுங்கோ. ரொறன்ரோ முழுக்கக் கேக்கும். நாளைக்கு இந்தக் கடைக்கு ஒரு ஈ வராது."

"விரலை எடும் குகன்."

"அப்ப பிறம்ரன்காரன் பழுதாய்ப்போன மீனை அனுப்பினவன் எண்டு சொல்லுங்கோ. அது உண்மைதானே?"

"அவன் அனுப்பினவன். கடி என்ர கண்ணுக்கு முன்னால இருந்தது. மறைச்சு வெட்டினது நான்." பிறகு மெதுவாக, "விரலை எடும் அப்பன். அங்க ஒரு பிள்ளை பால் குடிக்கிறது" என்றார்.

அவர் விரலை எடுத்தார். அவரைப் பற்றியும் இதைச் சொல்லவேண்டும்.

அக்காவை நேரடியாக இணைத்துவிட்டார்கள். சுவர் றேடியோவில் அறிவிப்பாளரின் குரல் சந்தோசமாகக் கேட்டது. "வணக்கம் நேயரே, யாருக்கு வாழ்த்துச் சொல்லப் போறீங்கள்?"

"வாழ்த்தில்லைத் தம்பி. நான் பிலோமினா. ஸ்காபரோவில மீன்கடையில மீன் வெட்டுற ஆள். இண்டைக்கு நான் வெட்டி வித்த மயில்மீன் நஞ்சு. விட்பியில இருக்கிற ஒரு வீட்டுக்குப் போயிட்டுது. பேர் தெரியாது."

பின்னால் பாட்டு ஓடிக்கொண்டிருந்தது. அதை நிறுத்தினார்கள். "அந்த ஆளைப்பற்றி வேறை ஏதாவது தெரியுமோ அம்மா?" என்று அறிவிப்பாளர் கேட்டார்.

அக்கா என்னைப் பார்த்தார். அவர் வெட்டும்போது மீனைத்தான் பார்ப்பவர், அந்த ஆள் சொன்னது முழுவதும் அவருக்கு ஞாபகமில்லை. நான் முகம் பார்க்காதவள். குனிந்து நின்று கேட்டுக்கொண்டே இருப்பவள். அக்காவின் காதுக்குள் சொன்னேன். நான் சொல்லச் சொல்ல அவர் றேடியோவில் சொன்னார். "பிள்ளைக்கு மூண்டு கிழமை. பெயர் அபிராமி. பெண்பிள்ளை. மாமி போன மாதம் ஊரிலயிருந்து வந்தவ. தாய்க்குத் தொய்வு. அம்மா, உங்கட மகள் சாப்பிட்டிருந்தால் குளிர் எண்டு நினைச்சுப் போர்த்துப் படுக்க வைக்காதேங்கோ. ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோங்கோ. அந்த மீன்தான். என்ர பிழைதான்."

கடை இலக்கத்தையும் சொல்லி வைத்த கையோடு ரெலிபோன் அடிக்கத் தொடங்கியது. "நான் வேண்டின பாரையும் நஞ்சோ?" என்று ஒருவர். "சனங்களைக் கொல்லவோ கடை வைச்சிருக்கிறியள்?" என்று ஒரு பெண். யாரோ பெடியள் பூனைபோலக் கத்திவிட்டு வைத்தார்கள். ஒவ்வொருவருக்கும் அக்கா ஒரே பதில்தான் சொன்னார். "கட்டாயம் பேசுங்கோ, நான் ஓடேல்லை. இப்ப லைனை விடுங்கோ." அக்காதான் எங்களில் கூடச் சாப்பிட்டவர். இடையில் ஓடிப்போய்ச் சத்தியெடுத்துவிட்டு வந்து, வாயைத் துடைத்துக்கொண்டு அடுத்த அழைப்பை எடுத்தார். முகம் வீங்கத் தொடங்கியிருந்தது. விட்பியிலிருந்து ஒருவரும் கூப்பிடவில்லை. அங்கே அந்த றேடியோ சரியாக இழுக்காது என்று குகன் அண்ணை சொன்னார். அதைச் சொல்லாமல் விட்டிருக்கலாம்.

பிறகு விட்பிக்குப் பக்கத்து ஒஷாவாவிலிருந்து ஒரு அன்ரி கூப்பிட்டார். கரகரவென்றுதான் கேட்டது, அபிராமி என்ற பெயர் மட்டும் காதில் விழுந்தது என்றார். "அது எங்கட ஆக்கள்தான். ஆஸ்பத்திரியில போய்ப் பிள்ளையைப் பாத்தனாங்கள். இருங்கோ, நான் அடிச்சுச் சொல்லுறன்."

அதற்குப் பிறகு ரெலிபோன் அடிக்கவில்லை. ஐஸ் உருகி மேசையிலிருந்து வாளிக்குள் சொட்டும் சத்தம் கேட்டது.

திரும்ப அடித்தபோது அக்கா எடுத்தார். விட்பிக்காரரின் குரல் எனக்கும் கேட்டது, அவ்வளவு உரத்துக் கத்தினார். "ரெண்டு வாய்தான் அக்கா சாப்பிட்டவ. மூச்சு எடுக்கேலாமல் கிடக்கிறா. மாமி ஏசிக் குளிரெண்டு சொல்லிப் போர்த்து விட்டிருக்கிறா."

"போர்வையை இழுத்து எறியும். இருத்தும், படுக்க விடாதையும். அம்புலன்ஸுக்கு அடியும், மீன் எண்டு சொல்லும். பிள்ளையை மாமியிட்டைக் குடும். என்னோட கதைச்சது காணும், வையும் தம்பி, வையும்!"

வைத்துவிட்டார். அவர் பெயரை அக்கா அப்போதும் கேட்கவில்லை.

எங்களையும் குகன் அண்ணையின் தம்பி வந்து ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோனார். வைத்தியர் மாத்திரை தந்து விளங்கப்படுத்தினார். வேகமாக ஓடுகிற மீன்களின் சதை, செத்த பிறகு சூட்டில் கிடந்தால் அதற்குள் ஒரு நஞ்சு ஊறும். மணக்காது. சமைத்தாலும், பிறகு ஐஸில் வைத்தாலும் போகாது. அந்த மீன் தூண்டிலில் கட்டுப்பட்டு நின்றபோது சுறா கடித்து, செத்து, வெதுவெதுப்பான தண்ணீரில் நெடுநேரம் தொங்கியிருக்கவேண்டும். நான் அதைத் தமிழில் சொன்னபோது அக்கா கட்டிலில் இருந்தபடி, "அப்பு உதைச் சொல்லியிருக்கலாமே" என்றார். பிறகு, "சொல்லியிருந்தாலும் ஐஸ் இருக்குத்தானே எண்டுதான் நினைச்சிருப்பன்" என்றார்.

பின்னேரம் விட்பி ஆஸ்பத்திரியிலிருந்து செய்தி வந்தது. மூச்சு வந்துவிட்டது. இன்னும் கொஞ்சம் பிந்தியிருந்தால் என்று தொடங்கி, அந்த ஆள் மிச்சத்தைச் சொல்லவில்லையாம்.

அடுத்தடுத்த கிழமைகள் எப்படி இருந்தன என்று உங்களுக்குத் தெரியும். குகன் அண்ணை சொன்ன மாதிரியே கடை வெறுமையாகக் கிடந்தது. சுகாதாரப் பகுதியினர் வந்து பார்த்துவிட்டுப் போனார்கள். அக்காவுக்கு நஞ்சுமீன்காரி என்று பெயர் வந்தது. தேவாலயத்தில்கூட ஒரு பெண் அக்காவைக் கண்டதும் தன் பிள்ளையை இழுத்து மறுபக்கம் இருத்தியதை நானே கண்டேன். ஒரு நாள்கூட அக்கா வேலைக்கு வராமல் விடவில்லை. ஒரு மீனும் விற்காது என்று தெரிந்த நாட்களிலும் பலகையில் ஏறி நின்றார். எவராவது வந்து, "நீங்கள்தானே அது?" என்று கேட்டால், "ஓம், நான்தான். என்ன வேணும்?" என்பார்.

ஒரு ஞாயிற்றுக்கிழமை என்னையும் கூட்டிக்கொண்டு ரயிலில் விட்பிக்குப் போனார். எனக்குப் பயம். அந்த மாமி கதவைத் திறந்த இடத்திலேயே தொடங்கினார்.

"என்ர பிள்ளையைக் கொல்லப் பாத்தனீ. இப்ப என்னத்துக்கு வந்தனீ? செத்திட்டாளோ எண்டு பாக்கவோ?"

"பேசுங்கோ அம்மா" என்றார் அக்கா. "பேசத்தான் வந்தனான்."

மாமி களைக்கும்வரை ஏசினார். அக்கா சப்பாத்தைக்கூடக் கழற்றாமல் வாசலில் நின்று முழுவதையும் கேட்டார், ஒரு சொல் மறுத்துச் சொல்லவில்லை. உள்ளேயிருந்து பிள்ளை அழுதது. நல்ல உரத்த அழுகை. அதைக் கேட்டதும் அக்காவின் தோள் இறங்கியது. போகத் திரும்பினோம். "சாப்பாட்டு நேரம் வந்திட்டு எங்க போறியள்?" என்று மாமி அதே கோபத்தோடு கேட்டார். கத்தரிக்காயும் பருப்பும் போட்டார். "மரக்கறிதான்" என்றார். "நல்லது" என்றார் அக்கா. அந்த வீட்டில் அன்று முதலில் சிரித்தது பிள்ளை பெற்றவள்தான்.

கொஞ்சம் கொஞ்சமாகச் சனம் திரும்பி வந்தது. அதற்கு அக்கா ஒன்றும் செய்யவில்லை. பலகையில் நின்றார், அவ்வளவுதான்.

மரண வீட்டில் குகன் அண்ணை அக்காவின் கத்தியை எனக்குத் தரப் பார்த்தார். அதை அக்காவின் தங்கச்சிக்குக் கொடுக்கச் சொன்னேன். நான் வைத்திருப்பது வேறு. பிழை நடந்த இடத்தில் அக்கா பேசத் தொடங்கும்போது முதல் வந்த சொல் எப்போதும் "நான்". வெட்டினது நான். கொண்டுபோம் எண்டது நான். அந்தச் சொல்லை அவர் சொன்ன விதம், அதில் அழுகையும் இல்லை, வீம்பும் இல்லை, அது என்னிடம் இருக்கிறது.

போன சனிக்கிழமை அக்கா இல்லாமல் முதல்முறை கடை திறந்தோம். வெட்டும் மேசையில் நான் நின்றேன். வந்த பெட்டிகளில் ஒன்றில் ஐஸ் இல்லை, வெறும் தண்ணீர். அதற்குள் சூரைமீன், அதுவும் வேகமாக ஓடுகிற மீன்தான். கண் தெளிவாக இருந்தது, மணம் இல்லை. வரிசையின் முன்னுக்கு நின்ற அன்ரி அதைத்தான் காட்டி, வெட்டித் தரச் சொன்னார். குகன் அண்ணை கல்லாவிலிருந்து என்னைப் பார்த்தார். வரிசை கதவுவரை நின்றது.

"அது வேண்டாம் அன்ரி. நான் வெட்டமாட்டன்" என்றேன், பின்னால் நின்றவர்களுக்கும் கேட்கும்படி. பெட்டியைத் தூக்கிப் பின்னுக்குக் கொண்டுபோய் வைத்துவிட்டு வந்து, கையைக் கழுவி, அவருக்கு வேறு என்ன வேணும் என்று கேட்டேன்.